உங்கள் சித்தியைப் பெண் கேட்கப் போனது

ராசு, பேச்சி, சித்தி நம் வீட்டுக்கு எப்படி வந்தாள் என்று கேட்டீர்கள். வாயால் சொல்ல எனக்கு வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

1951 மாசியில் ஒருநாள், காலை ஏழு மணிக்குக் கோவில்பட்டியில் பஸ் ஏறினேன். எப்போதும்வென்றான் ஊருக்கு டிக்கெட் பதினோரு அணா. எட்டயபுரம் வரை பத்து மைல், அப்புறம் பன்னிரண்டு மைல் சொச்சம். என் சலவை வேட்டியைப் பார்த்த கண்டக்டர், "என்ன அண்ணாச்சி, பொண்ணு பாக்கவா?" என்றார். பருத்தி விஷயமாக என்று பொய் சொன்னேன். ரோட்டின் இருபுறமும் பருத்தி வெடித்துக் கிடந்ததால் நம்பியிருப்பார்.

ஒன்பதரைக்கு இறங்கினேன். வேலுச்சாமி அண்ணாச்சி காத்திருந்தார். நான் வேலை பார்க்கும் மில்லுக்குப் பருத்தி கொண்டுவருகிறவர். அவர் தங்கச்சிதான் சித்தி. அவள் கணவர் பர்மாவில், மோல்மேன் ஊரில், அரிசி ஆலையில் இருந்தார். ஜப்பான்காரன் சண்டை வந்த பிறகு கடிதமும் இல்லை, ஆளும் இல்லை. இறந்துபோனார் என்று சொல்லவும் யாருமில்லை. நம் கதையும் அதுதான். ரங்கூனிலிருந்து நடந்து வரும் வழியில், படகுத்துறை நெரிசலில் உங்கள் இருவரையும் தூக்கிக்கொண்டு நான் ஏறிவிட்டேன். உங்கள் அம்மாவால் ஏற முடியவில்லை. மறுகரையில் நான்கு நாள் காத்திருந்தேன். அவள் வரவில்லை.

அண்ணாச்சி முதலில் தண்ணீர் கொடுத்தார். உப்புக் கரித்தது. நம் ஊர்த் தண்ணீரை இனி நீங்கள் குறை சொல்லக் கூடாது. தங்கச்சி சம்மதித்தால்தான் மேற்கொண்டு பேச்சு என்று சொல்லிப் புஞ்சைக்குக் கூட்டிப்போனார்.

அவள் மடிநிறையப் பருத்தியோடு நிமிர்ந்து ஒரே கேள்விதான் கேட்டாள்.

"நாளைக்கு அவிய உசுரோட வந்து நின்னா என்ன செய்வீய?"

பஸ்ஸில் யோசித்துவைத்த பதில் எதுவும் அதற்கு ஒத்துவரவில்லை. "எங்க வீட்டுக்காரியும் வந்து நிக்கலாம்லா" என்றேன்.

மடியை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

"அப்போ சோத்துப்பானையைப் பெருசா வாங்கிப் போடுங்க. ஆளு கூடிப்போச்சுல்லா."

அண்ணாச்சி சிரித்துவிட்டார். அவள் சிரிக்கவில்லை. செடிப்பக்கம் குனிந்துகொண்டு, "பிள்ளைகளுக்கு என்ன பேரு விட்டிருக்கீய?" என்றாள். சொன்னேன். அதுதான் சம்மதம்.

சாயங்காலம் வீடு திரும்பியபோது நீங்கள் விளையாடப் போயிருந்தீர்கள். ரங்கூனில் நம் தெருவில் கடை வைத்திருந்த பாய்க்கு வருஷாவருஷம் எழுதும் கடிதத்தை எழுத உட்கார்ந்தேன். உங்கள் அம்மாவைப் பற்றி ஏதாவது தெரிந்ததா என்று வழக்கம்போல் கேட்டேன். எழுதிவிட்டுப் பேனாவை மூடி வைத்தேன். பிறகு மறுபடி திறந்து, மோல்மேன் அரிசி ஆலையில் இருந்தவரின் பெயரையும் கீழே எழுதி, அவரையும் நன்றாக விசாரிக்கச் சொல்லி, தபால்பெட்டியில் போட்டுவிட்டு வந்தேன்.