மாலை விழுந்த நேரத்துக் கோல்

கௌசலா கிளிநொச்சியில் ஓர் ஆடைத் தொழிற்சாலையில் தைக்கிறாள். பதினெட்டு வயதில், பெண்கள் உதைபந்தாட்ட இறுதிப் போட்டியொன்று சமநிலையில் முடிந்து தண்ட உதைக்குப் போனபோது, கடைசி உதையை அவள் கம்பத்துக்கு மேலால் அடித்துவிட்டாள். அணி தோற்றது. அதோடு விளையாட்டையும் விட்டாள்.

மாங்குளத்தில் கலியாண வீடியோ எடுக்கும் விஜிதரன், வன்னியில் நடக்கும் போட்டிகளை இணையத்தில் நேரடியாக ஒளிபரப்புபவர். மழைக்கு ஆட்டம் நின்றாலோ இடைவேளை நீண்டாலோ பழைய பதிவுகளைப் போடுவார். அவற்றில் சனம் அதிகம் சிரிப்பது கௌசலாவின் உதைக்குத்தான். ஒவ்வொரு வருடமும் அது வரும். மறுநாள் தொழிற்சாலையில் யாராவது, "பந்து இன்னும் கீழ வரேல்லையோ?" என்பார்கள். அவளும் சிரித்துவிட்டு ஊசியில் நூல் கோப்பாள்.

இந்த வருடம் புதிதாக வேலைக்கு வந்த தேனுகா, "அக்கா, உங்களுக்குப் பந்து அடிக்கவே தெரியாதோ?" என்று உண்மையாகவே கேட்டாள். அது சுட்டது. அந்த வாரமே கௌசலா பஸ் ஏறி விஜிதரனின் ஸ்ரூடியோவுக்குப் போனாள்.

"அதைப் போட வேண்டாமெண்டு சொல்ல வந்தனீங்களோ, தங்கச்சி?"

"இல்லை அண்ணா, போடுங்கோ. ஆனா அண்டைக்கு எங்கட ரெண்டு கோலும் நான்தான் அடிச்சனான். அதையும் சேர்த்துப் போடுங்கோ."

விஜிதரனுக்கு அது நினைவில் இல்லை. பழைய ஹாட் டிஸ்க்கைக் கொழுவி இருவரும் ஆட்டத்தைப் பார்த்தார்கள். முதல் கோல் தெளிவாக இருந்தது. இரண்டாவதைக் காணவில்லை. அந்த நேரம் கமரா, பிரதம விருந்தினருக்கு மாலை போடுவதை எடுத்துக்கொண்டிருந்தது. பின்னால் கூச்சல் மட்டும் கேட்டது.

"என்னிலதான் பிழை," என்றார் அவர். "இந்த வருச இறுதிப் போட்டியண்டைக்கு வாங்கோ. படம் இல்லாத இடத்தை நீங்களே சொல்லுங்கோ."

போட்டியன்று இடைவேளையில் அறிவிப்பாளர் மைக்கை அவளிடம் நீட்டினார். திரையில் முதல் கோல் போய் முடிந்தது. பிறகு மாலை விழுந்தது, கூச்சல் எழுந்தது.

"இப்ப கேட்டீங்களே, அதுதான் என்ர ரெண்டாவது கோல். இடப்பக்கத்தால ஓடிப்போய், கோலியின்ர காலுக்குள்ளால விட்டனான்."

அடுத்துத் தண்ட உதை வந்தது. "இது உங்களுக்குத் தெரிஞ்சதுதானே," என்றாள்.

ஒளிபரப்பின் கீழே கருத்து எழுதியவர்களில் பலருக்கு அந்த இரண்டு கோல்களும் புதுச் செய்தி. சிலர் வழக்கம்போலச் சிரித்தார்கள்.

இரண்டாம் பாதி தொடங்கியதும் அவள் எழும்பினாள். அறிவிப்பாளர் பக்கத்துக் கதிரையைக் காட்டி, "இருந்து கதையுங்கோ," என்றார். ஆட்டம் முடியும்வரை கதைத்தாள்.

இப்போது பெண்கள் போட்டி நடக்கும் ஞாயிறுகளில் ஓவர்டைமை விட்டுவிட்டு மைதானத்துக்கு மைக் பிடிக்கப் போகிறாள். தொழிற்சாலை மேற்பார்வையாளருக்கு அது பிடிக்கவில்லை.