அக்கா கேட்க ஓர் உரை

எங்கள் வரலாற்றுத் துறையின் கதவில் நான் ஒட்டிய அந்த மஞ்சள் அறிவித்தலை எனக்கே வாசிக்கத் தெரியாது. ஓய்வு பெறும் பேராசிரியரின் கடைசி உரை பற்றியது அது. முழுவதும் தகலொக்கில், அதாவது பிலிப்பைன்ஸில் அவர் பிறந்து பேசிய மொழியில் இருந்தது. பிரெஞ்சு ஆட்சிமொழியான மொன்ட்ரியாலில் ஆங்கிலம் இல்லாமல் அறிவித்தல் ஒட்டினால் பாராட்டுவார்கள். பிரெஞ்சும் இல்லாமல் ஒட்டினால் என்ன நடக்கும் என்று அன்றுதான் தெரிந்துகொண்டேன். மத்தியானத்துக்குள் துறைத்தலைவர், அலுவலக உதவியாளரான என் மேசைக்கு முன்னால் நின்றார்.

பேராசிரியர் வாழ்நாள் முழுவதும் ஒரே விஷயத்தைத்தான் ஆராய்ந்தார். முதலில் ஸ்பானியரும் பிறகு அமெரிக்கரும் ஆண்டபோது அவருடைய மக்களின் மொழி எப்படி அடுப்படிக்குள் தள்ளப்பட்டது, அதனால் அவர்கள் தங்களைத் தாங்களே எப்படிக் குறைவாக எண்ணத் தொடங்கினார்கள் என்பதுதான் அது. இதையெல்லாம் அவர் எழுதியதோ ஆங்கிலத்தில். அது அவரை உறுத்திக்கொண்டே இருந்தது. அதைவிட உறுத்தியது அவருடைய அக்காவின் நினைப்பு. பிலிப்பைன்ஸ்காரர் நிறைந்த கோட்-தே-நேஜ் பகுதியில் வசித்த அந்த அக்கா, வசதியான வீடுகளில் பிள்ளை பார்த்துத்தான் தங்கையை இங்கே அழைத்துப் படிக்க வைத்தவர். தங்கையின் ஓர் உரைக்குக்கூட அவர் வந்ததில்லை. "அது எனக்கான இடமில்லை" என்பாராம். கடைசி உரையையாவது அக்கா கேட்க வேண்டும் என்பதில் பேராசிரியர் பிடிவாதமாக நின்றார்.

ஒருவரும் வரமாட்டார்கள், மொழிபெயர்ப்பாவது வையுங்கள் என்றார் துறைத்தலைவர். "வெறும் கதிரைகளுக்கும் தகலொக்கில்தான் பேசுவேன்" என்று பேராசிரியர் சொல்லிவிட்டார். எனக்கு அவரை மிகவும் பிடித்துப்போயிற்று. பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் உள்ள எங்கள் வீட்டுக்குத் திரும்பி நான் இதைச் சொன்னபோது என் கணவர் தலையில் கை வைத்தார்.

"உமக்கேன் இந்த வில்லங்கம்? அவ பென்ஷன் எடுத்துக்கொண்டு போயிடுவா. நீர் அங்கதானே வேலை செய்யோணும்."

"ஓம், தெரியும். ஆனா எங்கட மகளிட்ட நான் தமிழில ஒண்டு கேட்டா அவள் பிரெஞ்சில பதில் சொல்றாள். இந்த மனுசி செய்யிறதை நான் பாக்கோணும்."

அடுத்த சனிக்கிழமை அதே அறிவித்தலைக் கோட்-தே-நேஜ் கடைகளிலும் ஒட்டினேன்.

உரை நாளன்று மண்டபம் பாதிக்கு மேல் நிறைந்துவிட்டது. வேலை உடுப்போடு வந்த தாதிமார், கைக்குழந்தைகள், சாப்பாடு கொண்டுவரக் கூடாதென்ற விதியைச் சட்டை செய்யாமல் வந்து சேர்ந்த பெரிய நூடுல்ஸ் தட்டுகள். முன்வரிசைப் பேராசிரியர்கள் ஒன்றும் விளங்காமல் மரியாதைக்குச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அக்கா கடைசி வரிசையில், குளிர்ச்சட்டையைக் கழற்றாமல், எந்த நேரமும் எழுந்து போய்விடுபவர்போல் இருந்தார்.

உரை முடிந்ததும், கேள்விகள் உண்டா என்று பேராசிரியர் கேட்டிருக்க வேண்டும். அக்கா எழுந்தார். அவர் பேசியதில் ஒரு சொல்லும் எனக்குத் தெரியாது. சகோதரிகள் சண்டை பிடிப்பதை விளங்கிக்கொள்ள மொழி எதற்கு? மண்டபம் சிரித்தது, கைதட்டியது, இரண்டு கட்சியாகப் பிரிந்தது.

அக்கா என்ன சொன்னார் என்று பிறகு பேராசிரியரிடம் கேட்டேன். "நாங்கள் எங்கள் மொழிக்கு வெட்கப்பட்டோம் என்று நான் பேசினேன். அவளோ, 'வெட்கப்பட்டது நீ, நான் வளர்த்த பிள்ளைகளை எல்லாம் எங்கள் பாட்டுப் பாடித்தான் தூங்க வைத்தேன்' என்கிறாள். அவள் சொல்வது பாதிதான் சரி. மீதியை நான் விடப்போவதில்லை." பேராசிரியரின் கண்கள் கலங்கியிருந்தன. முகம் மட்டும் அடுத்த சண்டைக்குத் தயாராக இருந்தது.

இப்போது அவர் ஓய்வில் இருந்துகொண்டு, அதே ஆராய்ச்சியைத் தகலொக்கில் புதிதாக எழுதுகிறார். போன வாரம் சுகம் விசாரிக்கத் தொலைபேசியில் அழைத்தேன்.

"பிறகு பேசலாம்" என்றார் அவசரமாக. "அக்கா இரண்டாம் அத்தியாயத்தில் பிழை பிடித்துக்கொண்டிருக்கிறாள்."