பாலைத் திரித்த ஞாயிறுகள்

அப்பாவுக்கு இனி டீ கொடுக்கக் கூடாது என்று மருத்துவமனையில் சொல்லி அனுப்பினார்கள். சிதம்பரம் பேருந்து நிலையத்துக்கு அருகே ஒரே டீக்கடையில், நான் பிறப்பதற்கு முன்பிருந்தே மாஸ்டராக நின்றவர் அவர். பக்கவாதம் வலது கையையும் பேச்சையும் கொண்டுபோனதோடு தொண்டையையும் தளர்த்திவிட்டிருந்தது. தண்ணீர்போல ஓடும் எதைக் கொடுத்தாலும் புரையேறி நுரையீரலுக்குள் போய்விடும். கெட்டியாக, வழவழப்பாக, துண்டு துணுக்கு இல்லாமல் இருப்பதைத்தான் கரண்டியால் கொஞ்சம் கொஞ்சமாக ஊட்ட வேண்டும். டீயைக் கெட்டியாக்க ஒரு பொடி கொடுத்தார்கள். கலந்து பார்த்தேன், கூழ் மாதிரி ஆகிவிட்டது. அப்பா அந்த டம்ளரை ஒரு முறை பார்த்துவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். அந்தப் பொடியை நான் மறுபடி தொடவில்லை.

எனக்குக் கடலூரில் அரசு அலுவலகத்தில் வேலை. மஞ்சக்குப்பத்தில் வாடகை வீடு. அப்பாவையும் அம்மாவையும் அங்கேயே கூட்டிக்கொண்டு வந்துவிட்டேன். எங்கள் குடும்பத்தில் பள்ளிப் படிப்பை முடித்த முதல் ஆள் நான். அதைச் சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சம் எதுவும் கிடையாது. அப்பாவுக்கும் இருந்ததில்லை. நான் கல்லூரியில் சேர்ந்த வருடம் டீ குடிக்க வந்தவர்கள் யாரும் அந்தச் செய்தியைக் கேட்காமல் கிளாஸைக் கீழே வைக்க முடியவில்லை என்று அம்மா சொல்லிச் சிரிப்பாள்.

அப்படிப் பேசிய மனிதர் இப்போது கட்டிலில் தலையணையில் சாய்ந்து எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். நாங்கள் சொல்வதில் பாதி அவருக்குப் புரிந்தது. பதில்தான் வரவில்லை. பேச்சுப் பயிற்சி தர வரும் பெண், சொற்களெல்லாம் உள்ளேதான் இருக்கின்றன, வெளியே வரும் வழிதான் அடைபட்டிருக்கிறது, என்றைக்காவது ஒரு சொல் தானாக வந்து விழலாம் என்றார். அன்றிலிருந்து அம்மா அந்த ஒரு சொல்லுக்காகக் காத்திருந்தாள். அவருக்குச் சட்டை மாற்றும்போதும் முகம் துடைக்கும்போதும் எதையாவது கேட்டுவிட்டு, பதில் வருவதற்கு இடம் விடுவதுபோலக் கொஞ்ச நேரம் சும்மா இருப்பாள்.

சாப்பாடு பெரிய போராட்டமாக இருந்தது. அரைத்த இட்லி, குழைத்த பருப்புச் சாதம், மசித்த வாழைப்பழம் என்று எதை நீட்டினாலும் வாயை இறுக்கி மூடிக்கொள்வார். உடம்பு வற்றிக்கொண்டே வந்தது. அப்போதுதான் புதுச்சேரியில் ஒரு கடையில் எப்போதோ சாப்பிட்ட சீஸ் கேக் எனக்கு நினைவுக்கு வந்தது. சாதாரணமாக அதற்கு அடியில் பிஸ்கட் பொடித்துப் போடுவார்கள். அந்தக் கடையில் அது இல்லை. பல்லுக்கு வேலையே இல்லாமல் நாக்கிலேயே கரைந்துபோயிற்று. அடியும் ஓரமும் இல்லாத அப்படி ஒரு கேக்கைப் பாலைத் திரித்து வீட்டிலேயே செய்யலாம் என்று தேடிப் படித்தேன். பயிற்சி தரும் பெண்ணிடம் கேட்டேன். மேல் தோலை எடுத்துவிட்டு உள்ளே இருப்பதை மட்டும் கொடுத்துப் பார்க்கச் சொன்னார். சின்னதாக ஒரு ஓவன் வாங்கினேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பசும்பாலைக் காய்ச்சி அடுப்பை அணைத்துவிட்டு எலுமிச்சம்பழத்தை நறுக்கினேன். அம்மா பக்கத்தில் வந்து நின்றாள்.

"நல்ல பால எதுக்குடி கெடுக்கற?"

கேக்குக்கு என்றேன்.

"பால் திரிஞ்சா வூட்டுக்கு ஆவாதும்பாங்க. நீ என்னாடான்னா படிச்சிட்டு வந்து பால திரிக்கிற."

எங்கள் சமையலறைக்குக் கதவு இருந்தாலும் யாரும் சாத்துவதில்லை. அப்பாவின் கட்டிலிலிருந்து பார்த்தால் அடுப்பு நேராகத் தெரியும். கடையில் அவர் பாலை எப்படிப் பார்த்துக்கொள்வார் என்பது எனக்குத் தெரியும். பள்ளிக்கூடம் விட்டு நேராக அங்கேதான் போவேன். புதுப் பால் வந்தால் ஒரு கரண்டி எடுத்துத் தனியாகச் சூடு பண்ணிப் பார்க்காமல் பெரிய பாத்திரத்தில் ஊற்ற மாட்டார். எலுமிச்சம்பழத்தை அந்தப் பக்கம் கொண்டுவரவே விட மாட்டார். லெமன் டீ கேட்பவருக்குக்கூடத் தள்ளி நின்று போட்டுக் கொடுப்பார். இவ்வளவும் தெரிந்திருந்தும் அன்றைக்கு எனக்கு அது தோன்றவில்லை. நாளெல்லாம் எதிலும் அக்கறை காட்டாமல் கிடந்தவர் இதைக் கவனிப்பார் என்று யார் நினைப்பார்கள்?

சாற்றை ஊற்றிக் கிளறியதும் பால் உடைந்தது. இளம்பச்சைத் தண்ணீர் ஒரு பக்கம், வெள்ளைத் திரள் ஒரு பக்கம். புளிப்பு வாசனை எழுந்தது. பின்னால் கட்டில் கிரீச்சிட்டது. திரும்பினால், அப்பா இடது காலைத் தரையில் ஊன்றி எழுந்திருக்கப் பார்க்கிறார். கண் பாத்திரத்தின் மேல் இருந்தது.

"போச்சு," என்றார். பிறகு இன்னும் தெளிவாக, "பாலு போச்சு."

அம்மா ஓடிப்போய் அவர் முகத்தைப் பிடித்துக்கொண்டாள். என்ன சொன்னீர்கள், இன்னொரு தரம் சொல்லுங்கள் என்று கெஞ்சினாள். அவர் அவளைத் தாண்டி அடுப்பையே பார்த்தார். கன்னத்தில் தண்ணீர் வழிந்தது. நான்தான் வேண்டுமென்றே திரித்தேன், உனக்குக் கேக் செய்யத்தான் என்று நான் சொன்னது அவர் காதில் ஏறவில்லை. ஆனால் நாங்கள் இரண்டு பேரும் சிரித்துக்கொண்டே அழுதோம். அவ்வளவு நாளுக்குப் பிறகு அவர் குரலைக் கேட்ட சந்தோஷத்தில் வேறு எதுவும் கண்ணுக்குத் தெரியவில்லை.

திரளை வேட்டித் துணியில் கட்டிப் பிழிந்தேன். சர்க்கரை, முட்டை, கெட்டித் தயிர், ஒரு கரண்டி சோள மாவு, எலுமிச்சையின் மஞ்சள் தோலை மட்டும் துருவி எடுத்தது எல்லாவற்றையும் மிக்ஸியில் போட்டு, விரலில் தேய்த்தால் நறநறக்காத வரைக்கும் அரைத்தேன். வெந்நீர் ஊற்றிய தட்டுக்குள் பாத்திரத்தை வைத்து இளஞ்சூட்டில் வேக விட்டேன். ஆறிய பிறகு மேலே சிவந்திருந்த ஆடையை நீக்கிவிட்டு ஒரு கரண்டி ஊட்டினேன். அப்பா அதை நாக்கில் வைத்துக்கொண்டே இருந்தார். பிறகு விழுங்கினார். இருமவில்லை. நான் கேட்காமலே வாயைத் திறந்தார்.

அம்மா அன்று போன் போடாத சொந்தம் இல்லை. மாமாதான், "பாலு போச்சுன்னா சொன்னாரு? மாஸ்டரு இன்னும் மாஸ்டராத்தான் இருக்காரு, உடு," என்றார். பயிற்சி தரும் பெண் மட்டும் அளவாகச் சந்தோஷப்பட்டார். பதற்றத்தில் வந்து விழும் சொல் வேறு, அவராக நினைத்துச் சொல்வது வேறு என்றார். அம்மாவுக்கு அந்த வித்தியாசம் தேவைப்படவில்லை.

அடுத்த ஞாயிறு நான் எழுந்து வருவதற்குள் அம்மா பாலைக் காய்ச்சி, பழத்தையும் நறுக்கி வைத்திருந்தாள். அப்பாவுக்கு முதுகுக்கு இரண்டு தலையணை கொடுத்து அடுப்பைப் பார்த்தபடி உட்கார வைத்திருந்தாள். "ஊத்துடி," என்றாள். எதற்கென்று எனக்குப் புரிந்தது. எனக்கும் அந்தக் குரல் வேண்டியிருந்தது. ஊற்றினேன்.

இந்த முறை அவர் எழப் பார்க்கவில்லை. இடது கையை மடக்கி முழங்கையை உயர்த்தி முகத்தை மறைத்துக்கொண்டார்.

"மொதலாளி, நான் இல்லீங்க. நான் இல்லீங்க மொதலாளி. அடிக்காதீங்க."

ஒரு சொல்லும் குழறவில்லை. குரல் மட்டும் மெலிந்து, சின்னப் பையன் குரல்போல இருந்தது. நான் பாத்திரத்தைத் தட்டால் மூடினேன். ஜன்னலைத் திறந்தேன். அவர் பக்கத்தில் உட்கார்ந்து, இது நம்ம வீடு, இங்கே முதலாளி யாரும் இல்லை என்று திரும்பத் திரும்பச் சொன்னேன். அந்தக் கையைக் கீழே இறக்கவே முடியவில்லை. எனக்குத் தெரிந்த அப்பா கடையில் யாருக்கும் குனிந்தவர் இல்லை. சிதம்பரத்து முதலாளியே அவரை மாஸ்டர் என்றுதான் கூப்பிடுவார். அப்படியானால் இது யார், எந்த முதலாளி?

அவர் தூங்கிய பிறகு அம்மாவிடம் கேட்டேன்.

"கல்யாணத்துக்கு மின்ன காட்டுமன்னார்கோயில்ல ஒரு டீக்கடையில கிளாஸு கழுவுனாராம். சின்ன வயசுல. எனக்கு அவ்ளோதான் தெரியும். அத பத்திக் கேட்டா பேச்ச மாத்திருவாரு."

என்னைப் பற்றி ஊருக்கெல்லாம் சொன்னவர் தன்னைப் பற்றி எங்களிடம் சொல்லாமல் வைத்திருந்தது இதுதான். என் படிப்பில் எனக்கு இருக்கும் கர்வம் இன்றும் குறையவில்லை. ஆனால் அது யாருடைய உயர்த்திய முழங்கைக்குப் பின்னாலிருந்து தொடங்கியது என்று அன்றுதான் பார்த்தேன். அன்று கேக் செய்யவில்லை.

மூன்றாவது ஞாயிறும் பால் அடுப்பில் இருந்தது. வேண்டாம் என்றேன். அம்மாவுக்குக் கோபம் வந்துவிட்டது.

"அவுரு பேசுறது ஒனக்குப் புடிக்கலையா?"

"அவுரு நம்மகிட்ட பேசலம்மா. அடிக்கிறவங்கிட்ட பேசறாரு."

அம்மா கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"தெரியும்டி. எனக்கென்னா தெரியாதா? இன்னும் ரெண்டு வார்த்த சேந்து வந்தா, அதுல ஒரு தரமாச்சும் 'இந்தா புள்ள'ன்னு என்னெ கூப்புட மாட்டாரான்னுதான்."

அம்மாவே அடுப்பை அணைத்தாள்.

ஆனால் அவர் தானாக வாய் திறந்து சாப்பிடுவது அந்தக் கேக் ஒன்றைத்தான். அதனால் அதை நிறுத்த முடியவில்லை. இப்போது ஞாயிறு காலையில் அம்மா அவரைச் சக்கர நாற்காலியில் வைத்துத் தெருவுக்குத் தள்ளிக்கொண்டு போகிறாள். நான் சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு பாலைத் திரிக்கிறேன். வடித்த தண்ணீரைக் கொட்டி, பாத்திரத்தைச் சோப்புப் போட்டுக் கழுவி, புளிப்பு வாசனை போகும்வரை ஜன்னலைத் திறந்து வைக்கிறேன். அவர்கள் திரும்பும்போது மிக்ஸியில் வெள்ளை விழுது மட்டும் இருக்கும். அதைப் பார்த்து அவர் பயப்படுவதில்லை.

அதற்குப் பிறகு அப்பா ஒரு சொல்லும் பேசவில்லை. உடம்பு கொஞ்சம் தேறியிருக்கிறது. கேக்கை அம்மாதான் ஊட்டுகிறாள். அவர் விழுங்கியதும் அடுத்த கரண்டியை உடனே நீட்டுவதில்லை. காலிக் கரண்டியை மடியில் வைத்துக்கொண்டு, அவர் வாயையே பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறாள். அவர் வாயைத் திறக்கிறார். அம்மா கொஞ்சம் முன்னால் குனிகிறாள். அவர் அடுத்த வாய்க்காகத்தான் திறந்திருக்கிறார்.