மதாம் கண்ணாடி துடைத்த நேரம்

எங்கள் சமையலறைக் கதவின் பின்னால், தரை கூட்டும் தும்புத்தடிக்கும் குடைக்கும் நடுவில், ஒரு கடதாசி மட்டை தொங்குகிறது. கழுத்தில் மாட்டுவதற்காக நூல் கோத்த மட்டை. தடித்த கறுப்புப் பேனையால் அதில் 'தோர்ஸ்டன்' என்று எழுதியிருக்கிறது. அந்த ஆளோடு நான் ஒரு வார்த்தைகூடப் பேசியதில்லை. நூலில் ஒரு முடிச்சு இருக்கிறது. அதுவும் நான் போட்டதல்ல. வீடு துப்புரவாக்கும்போதெல்லாம் மனைவி அதைக் குப்பையோடு வைப்பாள், நான் எடுத்துத் திரும்ப மாட்டுவேன். "என்னப்பா, அந்த வெள்ளைக்காரன்ர பேரை ஏன் இன்னும் கட்டிப்பிடிச்சுக்கொண்டு நிக்கிறியள்?" என்று கேட்பாள். எனக்கு வாயால் விளங்கப்படுத்த வராது. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன், கூட்டத்தில் பேசக் கூச்சப்படுகிறவன். எழுதினாலாவது வருகிறதா பார்ப்போம்.

இரண்டாயிரத்துக்குப் பின்வந்த ஆண்டுகளில், ஜெர்மனியில் கொலோன் நகருக்கு வெளியே ஒரு தொலைக்காட்சிக் கூடத்தில் வேலை செய்தேன். வீடு பான் நகரில். காலையில் ரயில் ஏறிப் போவேன். பார்வையாளர் கதிரைகளை அடுக்குவது, தரையைக் கூட்டுவது, நடிகர்கள் உடுப்பு மாற்றும் அறைக் கதவுகளில் பெயர்ப்பலகை மாட்டுவது, கழற்றுவது. அங்கே அப்போது ஒரு நிகழ்ச்சி நடந்தது. முன்பின் அறியாத கொஞ்சப் பேரை ரைன் ஆற்றங்கரையில் கட்டி நிறுத்திய ஒரு பழைய பயணிகள் கப்பலில் குடியிருத்தி, அவர்கள் சமைப்பதையும் சண்டை பிடிப்பதையும் அழுவதையும் நாள் முழுக்கப் படம் பிடிப்பார்கள். கிழமைக்கு, அதாவது வாரத்துக்கு, ஒருவர் கப்பலை விட்டு இறங்க வேண்டும். யார் இறங்குவது என்பதைச் சனம் தொலைபேசியில் சொல்லும். இறங்கும் நாளன்று மாலை இரண்டு பேரைக் கூடத்துக்குக் கொண்டுவந்து இரண்டு கதிரைகளில் இருத்தி, நேரடியாகப் பெயரை அறிவிப்பார்கள்.

அதற்கு முன், பின்னேரத்தில் ஒத்திகை நடக்கும். கப்பல்காரரை ஒத்திகைக்குக் கூட்டிவரக் கூடாது என்பதால் அவர்களுக்குப் பதிலாக யாராவது கதிரையில் இருக்க வேண்டும். ஒருநாள் அதற்கு வரவேண்டியவன் வரவில்லை. கூடத்துப் பொறுப்பாளர் சுற்றிப் பார்த்து, தும்புத்தடியோடு நின்ற என்னைக் கூப்பிட்டு, கழுத்தில் கப்பல்காரர் ஒருவரின் பெயர் எழுதிய மட்டையை மாட்டி இருத்தினார். வாய் திறக்காமல், கமராவைப் பார்த்துச் சிரிக்காமல் இருந்தேன். அது அவர்களுக்குப் பிடித்துவிட்டது. அதன்பிறகு ஒவ்வொரு கிழமையும் நான்தான். ஒத்திகை முடிந்து வீட்டுக்குப் போனால் மனைவி கேட்பாள்: "இண்டைக்கு ஆர் நீங்கள்?"

"சண்ட்ரா."

"மீசையோடையோ?"

"ஓம்."

"சண்ட்ரா இறங்கினவளோ, நிண்டவளோ?"

"எனக்குத் தெரியாதப்பா. ரீவியைப் பார்."

பெயரை அறிவிப்பவர் ஒரு பிரெஞ்சுப் பெண்மணி. எல்லாரும் மதாம் என்றே கூப்பிட்டார்கள், நானும் அப்படியே. தன் நாட்டில், இளம் வயதில், காலை நிகழ்ச்சி ஒன்றில் பரிசுச் சக்கரத்தைச் சுற்றிவிடும் பெண்ணாகத் தொடங்கினாராம். பக்கத்தில் நின்ற ஆண்தான் பேசுவாராம், இவர் சிரிப்பாராம். பிறகு சோடி சேர்க்கும் நிகழ்ச்சி, பிறகு இரண்டு குடும்பங்கள் வீடு மாற்றி வாழும் நிகழ்ச்சி என்று மெல்ல மெல்லப் பேசும் இடத்துக்கு வந்தவர். ஜெர்மனிக்கு ஒரு தயாரிப்பாளர் கூட்டிவந்தார். முதலில் அவருடைய பிரெஞ்சு இழுவையை அழகு என்றார்கள். சில கிழமைகளில் அதையே விளங்கவில்லை என்றார்கள். எத்தனை பேர் பார்த்தார்கள் என்ற கணக்கு ஒவ்வொரு காலையும் வரும், அது இறங்கிக்கொண்டே போனது. ஒரு பருவத்துக்கு மட்டும்தான் அவருக்கு ஒப்பந்தம் என்பதும், இப்படியே போனால் அவரைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்பதும் கூட்டுகிற எனக்கே தெரிந்திருந்தது. அவர் ஓரிடத்தில் இருக்கவே மாட்டார். வீட்டுச் செருப்போடு, குதி உயர்ந்த சப்பாத்தைக் கையில் பிடித்துக்கொண்டு, மேடையில் அங்குமிங்கும் நடப்பார். சின்னத் தோடம்பழங்களை, அதுதான் ஆரஞ்சுகளை, உரித்துத் தின்றபடி வசனத்தை முணுமுணுப்பார். வசன அட்டைகளெல்லாம் தோடம்பழ மணம்.

அவர் தடக்குப்பட்டது ஓரிடத்தில்தான். 'இன்று கப்பலை விட்டு இறங்குபவர்' என்று சொல்லிவிட்டுப் பெயரைச் சொல்லாமல் காத்திருக்க வேண்டும். அவரால் முடியாது. பாவம் பார்த்தோ பதற்றத்திலோ, உடனே சொல்லிவிடுவார். மேலே கண்ணாடி அறையில் இருந்து இயக்குநரின் குரல் ஒலிபெருக்கியில் விழும். அவர்கள் பேசிய ஜெர்மன் மொழியை என் தமிழில்தான் என்னால் எழுத முடியும். "மதாம், என்ன பஸ்ஸைப் பிடிக்கப் போறீங்களோ? பொறுங்கோ! சனத்தைத் தவிக்க விடுங்கோ!" அவர் திரும்பச் சொல்வார். கொஞ்சம் பொறுப்பார். அதற்குள் நான் எழும்பிவிடுவேன்.

இதை நான் தெரிந்து செய்யவில்லை. பெயர் வரும் முன்பே என் கால்கள் எழும்பிவிடும். மற்றவர்கள் சிரிப்பார்கள். ஒருநாள் ஒத்திகை இடைவேளையில் மதாம் என் பக்கத்துக் கதிரையில் வந்து இருந்தார். "நான் இன்னும் சொல்லவே இல்லை. ஏன் எழும்புறீங்கள்?"

"சொல்லப் போறியள்தானே, மதாம்."

"மற்றவரின் பேரையும் சொல்லலாமே?"

எனக்கு அது ஒருநாளும் தோன்றியதில்லை. அவர் பாதித் தோடம்பழத்தை என் கையில் வைத்தார். அதற்காகவோ என்னவோ, பல மாதங்களில் பேசாத அளவு ஜெர்மன் மொழியை நான் அன்று பேசினேன்.

ஊரில் சண்டை நடந்த காலத்தில் தப்பி வந்து, கிழக்கு பெர்லின் பக்கத்து ஷோனெஃபெல்ட் விமானநிலையத்தில் இறங்கி, மேற்குப் பக்கம் கடந்து, எங்கெங்கோ அனுப்பப்பட்டு, கடைசியில் ஒரு சின்ன ஊரில் அகதி விடுதியில் இருந்தேன். என்னிடம் இருந்தது டுல்டுங் என்ற தாள். உன்னை இப்போதைக்குத் திருப்பி அனுப்பாமல் வைத்திருக்கிறோம் என்பதுதான் அதன் பொருள். அது முடியும்போதெல்லாம் அலுவலகத்துக்குப் போக வேண்டும். அங்கே ஓர் அதிகாரி. கூடாத மனிதர் என்று சொல்லமாட்டேன். கோப்பைத் திறப்பார், வாசிப்பார், மூடுவார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் தன் கழுத்துப்பட்டியின் நுனியால் துடைப்பார். முதலில் ஒரு பக்கம், பிறகு மற்றப் பக்கம். வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். போட்டுக்கொள்வார். அதற்குப் பிறகுதான் என்னைப் பார்த்து, இன்னும் இருக்கலாமா, போக வேண்டுமா என்று சொல்வார். எனக்கு ஒவ்வொரு முறையும் இருக்கலாம் என்றுதான் கிடைத்தது. ஆனால் கண்ணாடி துடைக்கும் நேரத்தில் நான் ஒவ்வொரு முறையும் விமானம் ஏறி, ஊரில் இறங்கி, பிடிபட்டு, முடிந்துபோயிருப்பேன். அவர் வாய் திறக்குமுன் கதிரையை விட்டு எழும்பிவிடுவேன்.

மதாம் உரிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டார். "துடைக்கும்போது உங்களைப் பார்ப்பாரோ?" என்றார். "இல்லை." "வெளிச்சத்தில் பிடிப்பது எந்தக் கையால்?" அதையும் சொன்னேன். அந்த நாட்டில் அதுவரை யாரும் என்னிடம் இவ்வளவு கவனமாக எதையும் கேட்டதில்லை. நெஞ்சு லேசாகித்தான் அன்று கதிரைகளை அடுக்கினேன்.

அந்தக் கிழமை நேரடி ஒளிபரப்பில் மதாம் கண்ணாடி போட்டுக்கொண்டு வந்தார். அதற்கு முன் அவரை நான் கண்ணாடியோடு கண்டதில்லை. சண்ட்ராவும் இன்னொருத்தியும் கதிரையில் இருந்தார்கள். "இன்று கப்பலை விட்டு இறங்குபவர்" என்று சொல்லி, வசன அட்டைகள் வைத்திருந்த கோப்பை மூடினார். கண்ணாடியைக் கழற்றினார். கழுத்துப் பட்டுத் துணியின் நுனியால் ஒரு பக்கம் துடைத்தார், பிறகு மற்றப் பக்கம். வெளிச்சத்தில் பிடித்தார், அதே கையால். சண்ட்ரா கதிரையின் விளிம்பை இரண்டு கைகளாலும் பிடித்தாள். அன்று ஒளிபரப்புக்கும் நின்று, பார்வையாளர் பக்கக் கயிற்றுக்குப் பின்னால் இருட்டில் குந்தியிருந்த நான் எழும்பி நின்றேன். மதாம் கண்ணாடியைப் போட்டு, சண்ட்ராவை நேராகப் பார்த்து, பெயரைச் சொன்னார். சனம் இரைந்தது. மேலே இயக்குநர் மேசையில் அடித்த சத்தம் கீழே கேட்டது.

அதோடு எல்லாம் மாறிவிட்டது. பார்க்கும் கூட்டம் ஏறியது. மதாமுக்கு அடுத்த பருவத்துக்கும் ஒப்பந்தம் கிடைத்தது. பள்ளிக்கூடப் பிள்ளைகள் கண்ணாடி துடைத்துக் காட்டினார்கள். என் மகனும் கணக்குச் சோதனைப் புள்ளியைச் சொல்லமுன் சாப்பாட்டு மேசையில் தன் சட்டை நுனியால் இல்லாத கண்ணாடியைத் துடைத்தான். நான் சத்தம் போட்டேன். அவனுக்குக் காரணம் விளங்கவில்லை. மனைவிக்கு விளங்கியது. "இது அந்த அகதிக் கந்தோர்க்காரன் உங்களுக்குச் செய்ததெல்லே?"

"ஓம்."

"அப்ப மதாம் உங்களுக்கு என்ன தந்தவ?"

"அரைத் தோடம்பழம்."

அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன். ஆனால் அதன்பிறகு என்னால் அந்தக் கதிரையில் ஒழுங்காக இருக்க முடியவில்லை. ஒத்திகையில் மதாம் என்னைப் பார்த்தே துடைத்துப் பழகினார், ஒவ்வொரு கிழமையும் இன்னும் கொஞ்சம் மெதுவாக. "நேற்று உங்கட அதிகாரி நல்லா வேலை செய்தார்!" என்று போகிறபோக்கில் சந்தோஷமாகச் சொல்வார். அதில் வஞ்சகம் இல்லை. ஒருவரிடம் நல்ல சமையல் முறை கேட்டு வாங்கியவர் நன்றி சொல்வது போலத்தான் சொன்னார். எனக்குத்தான் என்ன செய்வதென்று தெரியவில்லை. என் பயத்தைக் கொண்டு அவர் தன் வேலையைக் காப்பாற்றிக்கொண்டார். காப்பாற்றட்டும் என்று ஒரு மனம். அதை ஏன் சண்ட்ராவின் தலையில் போட்டார் என்று இன்னொரு மனம். ரயிலில் இருக்கை கிடைத்தாலும் நான் நின்றுகொண்டே வந்த காலம் அது.

அடுத்த பருவம் அவ்வளவு நன்றாகப் போகவில்லை. மற்ற நிகழ்ச்சிக்காரரும் காத்திருக்கவைக்கப் பழகிவிட்டார்கள். ஒருவர் தண்ணீர் குடித்தார், ஒருவர் உறையைக் கிழித்தார். முன்பு கால்பந்து ஆடிய ஓர் இளைஞர் உடுப்பு அறைகளில் அறிவிப்பாளர் கோட்டுகள் போட்டுப் பார்ப்பதை நாங்கள் கண்டோம். மதாமும் கண்டிருப்பார். ஆனால் ஒருவரும் அவரிடம் எதுவும் சொல்லவில்லை. இறுதி நாள் ஒத்திகையன்று, அடுத்த பருவத்துக்குத் தான் இருக்கிறேனா என்று இயக்குநரிடம் அவர் நேராகவே கேட்டார். இயக்குநர் கைத்தொலைபேசியைப் பார்த்தார். "சாப்பிட்ட பிறகு கதைப்பம், மதாம்." சாப்பிட்ட பிறகு, "இந்த வெளிச்சத்தைச் சரி பண்ணிப்போட்டு வாறன்." வெளிச்சம் சரியான பிறகு, "ஒரு கோப்பி எடுத்துக்கொண்டு வாறன்."

நான் கதிரையில் என் மட்டையோடு இருந்தேன். மற்றக் கதிரைக்காரன் புகைக்கப் போயிருந்தான். அவன் கழற்றி வைத்த 'தோர்ஸ்டன்' மட்டையை மதாம் எடுத்தார். நூல் அவருக்கு நீளமாக இருந்தது. ஒரு முடிச்சுப் போட்டுக் குறுக்கி, கழுத்தில் மாட்டிக்கொண்டு, அந்தக் கதிரையில் இருந்தார். பகிடிக்குத்தான் தொடங்கினார் என்று நினைக்கிறேன். ஆனால் இருந்ததும் கதிரையின் விளிம்பை இரண்டு கைகளாலும் பிடித்தார்.

"அடுத்த பருவப் பெயர்ப்பலகைகள் உங்களிட்டை வந்திட்டுதோ?"

காலையில்தான் வந்திருந்தன. பெட்டியைத் திறந்து பார்த்திருந்தேன். சின்ன வேலையில் இருப்பவன் பெரிய இடத்துச் செய்தியைச் சொல்லக்கூடாது என்பது எனக்குத் தெரியும். அதோடு, ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும்: அந்த நேரம் அவருடைய முகத்தைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கலாம் என்றும் எனக்குத் தோன்றியது. துடைக்க என்னிடம் கண்ணாடி இல்லை. ஆனால் பேசாமல் இருப்பதில் நான் கெட்டிக்காரன். அவர் எழும்பத் தொடங்கினார். நான் வாய் திறக்கவில்லை, அவர் கால்கள் தாமாக எழும்பின. அதைப் பார்க்க என்னால் ஏலவில்லை.

"உங்கட பேர் இல்லை, மதாம்" என்றேன்.

அவர் திரும்ப இருந்தார். "தவிக்க விடாமல் கெதியாச் சொன்னதுக்கு நன்றி" என்றார். பிறகு மட்டையைக் கழற்றி என் மடியில் வைத்துவிட்டு, வீட்டுச் செருப்பை உதறி, உயர்ந்த சப்பாத்துகளைப் போட்டார். இயக்குநர் கோப்பியோடு வந்து, "மதாம், அது என்னெண்டால்…" என்று இழுத்தபோது, "எனக்குத் தெரியும். தொடங்குவம்" என்றார்.

அன்று மாலை அவர் வெற்றியாளரின் பெயரை உடனே சொல்லிவிடுவார் என்று நான் எதிர்பார்த்தேன். அப்படி நடக்கவில்லை. அவர் என்றுமே துடைக்காத அளவு நேரம் துடைத்தார். தோர்ஸ்டன் என்ற அந்தப் பெடியன் முகத்தைப் பொத்திக்கொண்டான். வெளிச்சத்தில் கண்ணாடியைப் பிடித்தபோது மதாம், நான் நின்ற இருட்டுப் பக்கம் ஒருமுறை பார்த்தார். என்னைத்தான் பார்த்தாரா என்று தெரியாது. அதன் பிறகு பெயரைச் சொன்னார். தோர்ஸ்டனின் பெயர் அல்ல.

அடுத்த நாள் அவருடைய அறைக் கதவில் பலகையைக் கழற்றியவன் நானே. அவர் முடிச்சுப் போட்ட அந்த மட்டையை அன்றுதான் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். பிறகு அவரை நான் காணவில்லை. பாரிஸில் இருக்கும் மனைவியின் தமக்கை ஒருமுறை தொலைபேசியில், "உங்கட மதாம் இஞ்சை காலமை ரீவியிலை சட்டி விக்கிறா" என்றார். நல்லா விக்கிறாவோ என்று கேட்டேன். "விலையை மட்டும் கடைசியிலைதான் சொல்லுவா" என்றார்.

இப்போது எங்கள் தமிழ்த் தொலைக்காட்சிகளிலும் அதே வேலைதான். பாட்டுப் போட்டியில் சின்னப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, மேளத்தை உருட்டி, பெயரைச் சொல்லாமல் வைத்திருக்கிறார்கள். மனைவி விடாமல் பார்ப்பாள். மேளம் தொடங்கியதும் நான் எழும்பிச் சமையலறைக்குள் போய்விடுவேன். தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு, கதவின் பின்னால் தொங்கும் மட்டையைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். முடிச்சு இன்னும் இறுக்கமாகத்தான் இருக்கிறது.

"இஞ்சருங்கோ, சொல்லிப்போட்டாங்கள், வாங்கோ!" என்று அவள் கூப்பிடுவாள்.

"ஆர்?" என்று நான் அங்கிருந்தே கேட்பேன்.

கேட்டு முடிக்குமுன் அவள் பெயரைச் சொல்லிவிடுவாள்.