மணப்பெண்ணுக்குப் பூச்சூட்டுகிறவள்

கதாநாயகியைப் பற்றி எழுதுகிறார்கள். வில்லியைத் திட்டியாவது எழுதுகிறார்கள். கதாநாயகியின் பக்கத்தில் பூத்தட்டுடன் நின்று, "வெட்கத்தைப் பாரேன்!" என்று சொல்லிவிட்டு மறைகிற தோழியைப் பற்றி எவரும் ஒரு வரி எழுதியதில்லை. அந்தத் தோழி நான். திருவனந்தபுரத்தில் பி.ஏ. தேறிச் சென்னைக்குப் போய், சில ஆண்டுகள் பிறருடைய கல்யாணங்களில் நடித்தேன். எனக்கென்று ஓர் ஆசை இருந்தது: நாகர்கோவில் பக்கம் எங்கள் ஊரான கொட்டாரத்தில் இருந்த என் தங்கை தங்கத்தை என் கையால் அலங்கரித்து, மணவறைக்கு நானே அழைத்துப் போக வேண்டும். தோழி வேடத்தில் காலம் தள்ளும் சகோதரிகளே, உங்களுக்கு இது புரியும்.

இரவல் சத்தம்

முதல் படத்தில் எனக்குக் கிடைத்தது கொஞ்சம் வசனம். அதை நாஞ்சில் நாட்டு ராகத்தோடு பேசியதும் இயக்குநர் காதைப் பொத்திக்கொண்டார். திருவாங்கூர்ப் பக்கத்திலிருந்து வந்தவள் மலையாளி என்று தீர்மானித்தார்கள். தமிழைப் பாடமாக எடுத்துப் படித்தவள் என்று நான் சொன்னது எவர் காதிலும் ஏறவில்லை. 'ழ' வராத ஓர் அம்மையார் எனக்குக் குரல் கொடுத்தார்.

படம் நாகர்கோவிலுக்கு வந்தபோது அம்மா போய்ப் பார்த்தாள். அடுத்த முறை நான் ஊருக்குப் போனதும் நடையிலேயே நிறுத்திக் கேட்டாள்: "ஏட்டி, மொகம் ஒனக்க மொகந்தான். சத்தம் ஆருக்க சத்தம்?"

ராசி

நான் மணப்பெண்ணுக்குப் பூச்சூட்டிய படமொன்று நன்றாக ஓடிவிட்டது. அதிலிருந்து, கல்யாணக் காட்சி எடுக்கும் அன்று மட்டும் எனக்கு ஆளனுப்புவது வழக்கமாயிற்று. காட்சி முடிந்ததும் மாப்பிள்ளை ஒரு காரிலும் மணப்பெண் ஒரு காரிலும் போய்விடுவார்கள். நான் ஒப்பனை அறையில் தனியாக உட்கார்ந்து, ஆறிப்போன சோற்றைத் தின்றுவிட்டு அறைக்குத் திரும்புவேன். பேச்சுத் துணைக்கு ஓர் ஈ கூட இராது.

ஒரு நாள், படத்தில் என் முகம் தெரியுமா என்று ஒளிப்பதிவாளரிடம் கேட்டேன். அவர் மிகுந்த மரியாதையுடன் சொன்னார்: "உங்க கை ராசியான கைம்மா. கை மட்டும் தெரிஞ்சாப் போதும்."

பின்னறை

தங்கத்துக்குக் குழித்துறையில் ஒரு வியாபாரி வீட்டில் சம்பந்தம் கூடியது. சினிமாக்காரி பந்தலில் தலைகாட்டக் கூடாது என்பது அவர்கள் நிபந்தனை. அம்மா வாதாடவில்லை, நெல் போடும் பின்னறையில் எனக்குப் பாய் விரித்தாள்.

கல்யாணத்தன்று காலையில் மாப்பிள்ளையின் தாயார் தங்கத்தை இழுத்துக்கொண்டு அந்த அறைக்குள் வந்து கதவைச் சாத்தினார். "சினிமாவில வைக்கிய மாதிரி புள்ளைக்குப் பூ வச்சுக் குடு மக்கா. ஆரு வச்சதுன்னு நான் ஆருட்டயும் பறைய மாட்டேன்" என்றார். பூச்சூட்டி, நெற்றிச்சுட்டி வைத்து, புடவைக் கொசுவத்தை நீவிவிட்டேன். தங்கம் கண்ணாடியைப் பார்த்துச் சிரித்தாள். வெளியே மேளம் தொடங்கியது. கையைப் பிடித்து அழைத்துப் போக நான் எழுந்தேன். அவள் மெல்லக் கையை விடுவித்துக்கொண்டாள்: "அக்கா, நீ இங்கயே இரி, என்னா? தாலி கெட்டினப் பெறவு நானே வந்து விளிக்கியேன்."

அவள் வரவில்லை, நான் நடிப்பை விட்டு நாகர்கோவிலில் ஒரு பெண்கள் பள்ளியில் ஆசிரியையானேன், மணம் செய்துகொள்ளவில்லை, இப்போது ஊரில் எந்தக் கல்யாணமானாலும் டீச்சரம்மாவுக்கு முன்வரிசையில் நாற்காலி போட்டுவிடுகிறார்கள்.