படத்தில் இல்லாத சோற்றுத் தட்டு

வேற்றுலகத்திலிருந்து ஒருவன் பூமிக்கு இறங்கி வருகிறான். இந்த மனிதர்களை விட்டு வைப்பதா, ஒரேயடியாகத் துடைத்துவிடுவதா என்று தீர்ப்புச் சொல்வது அவன் வேலை. அப்படி ஓர் ஆங்கிலப் படம் உண்டு பிள்ளைகளே. நீங்களும் டிவியில் பார்த்திருக்கலாம். முன்னொரு காலத்தில் கறுப்பு வெள்ளையில் வந்ததை, பிறகு கலரில் திரும்ப எடுத்தார்களாம். நான் பார்த்தது கலரில் எடுத்ததைத்தான். பார்த்தேன் என்பதைவிட, என் மனைவி சொல்லக் கேட்டேன் என்பதுதான் சரி.

கல்யாணம் முடிந்த முதல் வருஷம். உக்குவளையில் அவள் தாய்வீட்டுக்குப் போயிருந்தோம். வெளியே நல்ல மழை. டிவியில் அந்தப் படம் ஓடியது. கீழே சிங்கள எழுத்து ஓடியது. சிங்களம் பேசச் சொன்னால் நான் நன்றாகப் பேசுவேன். இரத்தோட்டையில் நான் வேலை செய்யும் கடைக்கு மிளகும் கிராம்பும் கொண்டு வருகிற ஆட்களோடு நாள் முழுக்க அந்தப் பேச்சுத்தான். ஆனால் வாசிக்க வராது. தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். அவள் வீட்டுக்குப் பக்கத்திலிருந்த சிங்களப் பள்ளிக்கூடத்தில் படித்தவள். அதனால் கீரை ஆய்ந்துகொண்டே, ஓடுகிற எழுத்தைப் படித்துப் படித்து எனக்குத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தாள். வந்தவன் பேசினால் குரலைத் தடிப்பாக்கிக்கொள்வாள். பட்டாளத்துக்காரன் பேசினால் கையிலிருந்த கீரைத் தண்டை ஆட்டி அதட்டுவாள். எனக்குப் படத்தைப் பார்ப்பதா, அவளைப் பார்ப்பதா என்றே தெரியவில்லை.

கடைசிப் பக்கம் ஒரு கட்டம் வரும். அழிவு தொடங்கிவிட்டது. தகப்பனைப் பறிகொடுத்த ஒரு சிறுவன் அழுகிறான். ஒரு பெண் அவனைக் கட்டிப் பிடித்துக்கொள்கிறாள். தீர்ப்புச் சொல்ல வந்தவன் கொஞ்சம் தள்ளி நின்று பார்க்கிறான். அந்த இடத்தில் அவன் சிறுவனிடம் கேட்டதாக என் மனைவி சொன்னது இது: “உங்கப்பா இனி வரமாட்டாருன்னு தெரியுந்தானே, பெறகு ஏன் அழுவுற?” அதற்குச் சிறுவன் சொன்னானாம்: “வரமாட்டாருதான். ஆனா ராவைக்குச் சோறு போட்டுத் தட்ட மூடி வச்சிட்டுத்தான் படுப்போம்.” அதைக் கேட்டதும் வந்தவனுக்கு மனசு மாறிப் போச்சு என்று சொல்லி முடித்துக் கீரையை அள்ளிக்கொண்டு எழுந்து போனாள்.

எனக்கு அது கொஞ்சமும் வித்தியாசமாகப் படவில்லை. எங்கள் பக்கத்தில் வெளியே போன ஆளுக்கு ஒரு தட்டில் சோறு போட்டு, மேலே இன்னொரு தட்டைக் கவிழ்த்து வைக்காமல் சட்டியைக் கழுவ மாட்டார்கள். நான் கடை மூடிவிட்டுப் பிந்தி வரும் நாட்களில் எனக்கும் அப்படித்தான் இருக்கும். அமெரிக்காவிலும் அதே பழக்கம்தான் போல என்று நினைத்துக்கொண்டேன். அத்தனை வருஷமும் அப்படியே நினைத்துக்கொண்டிருந்தேன்.

இப்போது அவள் குவைத்தில் ஒரு வீட்டில் வேலை செய்கிறாள். எங்கள் வீடு கல் சுவரோடு பாதியில் நின்றபோது, கூரை போடவென்று போனாள். கூரை போட்டாயிற்று. போகும்போது, எங்கள் இரண்டு பெண் பிள்ளைகளில் மூத்தவளிடம், “மாத்தளைத் தேருக்கு அம்மா வந்துருவேன், ரெண்டு பேரும் ஒரே கலர்ல உடுத்துக்கிட்டுப் போவோம்” என்று சொல்லியிருந்தாள். அந்தத் தேர் வந்தது. மூத்தவள் புதுச் சட்டையைப் போட்டுக்கொண்டு தேர் வடத்துக்குப் பக்கத்தில் நின்று, கூட்டத்தில் வருகிற ஒவ்வொரு பெண்ணின் முகத்தையும் பார்த்தாள். வேலை வீட்டுக்காரர்கள் என் மனைவியை விடவில்லை, ஒப்பந்தத்தை நீட்டிவிட்டார்கள். எனக்கு அது காலையிலேயே தெரிந்திருந்தது. மூத்தவளிடமும் சொன்னேன். அவள் நம்பவில்லை.

அன்றிலிருந்து அவள் தாயோடு பேசுவதில்லை. வெள்ளிக்கிழமை பின்னேரம்தான் குவைத்தில் என் மனைவிக்கு ஃபோன் பேச விடுவார்கள். ஃபோன் அடித்தால் மூத்தவள் குசினிக்குப் போய் அடுப்பண்டையில் நின்றுகொள்வாள். சின்னவள் மட்டும் வீடியோவில் விழுந்த பல்லைக் காட்டுவாள், பூனையைத் தூக்கிக் காட்டுவாள். என் மனைவி அதையெல்லாம் பார்த்துச் சிரித்துக்கொண்டே, எனக்குப் பின்னால் இருக்கும் குசினி வாசலையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

போன மாதம் பௌர்ணமிப் போயா நாள் வெள்ளிக்கிழமையில் வந்தது. கடையும் லீவு, பள்ளிக்கூடமும் லீவு. அன்று பகல் அந்தப் படத்தைப் போடப் போவதாக ஒரு வாரம் முன்பே டிவியில் விளம்பரம் காட்டினார்கள். எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. வாரம் முழுக்க என் பிள்ளைகளிடம் அந்தக் கடைசிக் கட்டத்தையே சொல்லிக்கொண்டிருந்தேன். உண்மையைச் சொன்னால், எனக்கு வேற்றுலகத்தானைப் பார்க்கும் ஆசை இல்லை. அவன் வாயைத் திறந்தால் என் மனைவியின் குரல் கேட்கும் போல ஒரு நினைப்பு. மூத்தவளுக்கும் அது கொஞ்சம் கேட்டால் நல்லது என்று பட்டது.

படம் தொடங்கியது. மூத்தவள் பள்ளிக்கூடத்தில் சிங்களமும் படிப்பவள். அதனால் அவள்தான் எழுத்தை வாசித்துச் சொன்னாள். குரல் எதுவும் மாற்றவில்லை. செய்தி வாசிப்பதுபோல் வாசித்தாள்.

“அப்பா, இவன் ஏன் சிரிக்கவே மாட்டேங்குறான்?” என்றாள் சின்னவள்.

“உலகத்த அழிக்க வந்தவன் இளிச்சிக்கிட்டா இருப்பான்? பேசாம பாருடி” என்றாள் மூத்தவள்.

அந்தக் கட்டம் வந்தது. சிறுவன் அழுகிறான், பெண் கட்டிப் பிடிக்கிறாள், அவன் தள்ளி நின்று பார்க்கிறான். “இந்தா, இப்ப பேசுவான் பாருங்க” என்றேன். பேசவில்லை. இசை மட்டும் ஓடியது. கீழே ஓர் எழுத்துக்கூட வரவில்லை. “இருங்க, இனித்தான் வரும்” என்றேன். படம் முடிந்து சவர்க்கார விளம்பரமும் வந்துவிட்டது.

“கட் பண்ணிட்டாங்களாப்பா?” என்று சின்னவள் கேட்டாள்.

“கட் எல்லாம் இல்ல. வெள்ளக்காரங்க வீட்டுல தட்ட எங்க மூடி வைப்பாங்க அப்பா? ஃப்ரிஜ் இருக்குதானே. அம்மா உங்களுக்கு நல்லாக் கத விட்டிருக்காங்க.” மூத்தவள் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, டிவியைப் பார்த்தபடி சொன்னாள்: “அதுலயும் பொய்தான்.”

நான் டிவியை அணைத்தேன். தாயும் மகளும் சேர வேண்டும் என்று போட்ட படம், இருந்ததையும் கெடுத்துவிட்டதே என்றுதான் எனக்கு இருந்தது.

பின்னேரம் ஃபோன் அடித்தது. மூத்தவள் எழுந்தாள். குசினி வாசல் வரைக்கும் போனவள் அங்கேயே நின்று, “அவங்ககிட்ட கேளுங்க, படத்துல இல்லாதத ஏன் சொன்னாங்கன்னு” என்றாள்.

“நான் கேக்க மாட்டேன். வேணும்னா நீயே கேளு” என்று ஃபோனை நீட்டினேன். அவள் வாங்குவாள் என்று நான் நினைக்கவில்லை. வாங்கினாள். முகத்தைக் காட்டாமல் கூரைப் பக்கம் பிடித்துக்கொண்டு கேட்டாள்.

அந்தப் பக்கம் மகளின் குரலைக் கேட்ட திகைப்பு. அப்புறம் என் மனைவி சிரிக்கிற சத்தம் கேட்டது.

“அந்த எடத்துல எழுத்து ஒண்ணும் வரலடி. ஒங்கப்பா ‘என்னா சொல்றான், என்னா சொல்றான்’னு என் உயிர எடுத்தாரு. அவன் ஒண்ணும் சொல்லல, சும்மா பாக்குறான்னு சொன்னா மனுசன் நம்பணுமே! எங்கப்பா லொறியில போனா எங்க வீட்டுல தட்டு மூடி வைப்போம். அத எடுத்து விட்டேன்.”

“அப்ப தேருக்கு வர்றேன்னு சொன்னதும் அந்த மாதிரி எடுத்து விட்டதா?”

சின்னவள் பூனையைக் கீழே இறக்கிவிட்டாள்.

“இல்ல தங்கம். அது நெசமாத்தான் சொன்னேன். பெட்டியக்கூட அடுக்கி வச்சிருந்தேன். ஒனக்கும் எனக்கும் ஒரே கலர்ல துணி, இன்னும் அந்தப் பெட்டியிலதான் கெடக்கு. விடல. நான் என்னா செய்ய?”

“அத ஏன் எனக்குச் சொல்லல?”

“நீ எங்க பேசுன?”

மூத்தவள் ஃபோனைக் கூரையிலிருந்து மெதுவாக இறக்கித் தன் முகத்துக்கு நேரே பிடித்தாள். நான் வாசலுக்குப் போய், காயப்போட்டிருந்த துணியை எடுக்கிற மாதிரி நின்றுகொண்டேன். உள்ளே பேசியது கேட்டது.

“அடுத்த தேருக்கு வர்றேன்னு சொல்லாதீங்க.”

“சொல்லல.”

“சொல்லாம வாங்க.”

“சரி.”

கொஞ்சம் பொறுத்து என் மனைவி கேட்டாள். “அந்தப் படம் கடசியில எப்பிடிடி முடிஞ்சிச்சு? எனக்கு மறந்தே போச்சு. சொல்லேன்.”

மூத்தவள் சொன்னாள். வந்தவன் அழிவை நிறுத்திவிட்டுப் போய்விட்டதை, ஊர் முழுக்க விளக்கும் இயந்திரமும் நின்றுபோனதை எல்லாம் சொன்னாள். இந்தத் தடவை குரலை மாற்றி மாற்றிச் சொன்னாள். அவன் பேசும்போது குரல் தடித்தது. துணியைக் கையில் வைத்துக்கொண்டு நான் அப்படியே நின்றுவிட்டேன்.

“பெறகு அந்தப் பையன்?” என்று கேட்டது ஃபோன்.

மூத்தவள் யோசித்தாள்.

“அவனா? ராவைக்குத் தட்ட மூடி வச்சிட்டுத்தான் படுத்தான்” என்றாள்.