மேஜைமேல் இருந்த காற்றுக்கல்

காற்றுக்கல் கிடங்கில் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர் யாருமில்லை. ‘பெருமூச்சு’ என்றால்தான் தெரியும். வயதில் சின்னவர்கள் மட்டும் மரியாதைக்கு ஒரு ‘சார்’ சேர்த்துக்கொள்வார்கள்.

காற்றுக்கல் சாம்பல் நிறத்தில், ஒரு ரொட்டி அளவில் இருக்கும். மாடியில் காற்றடிக்கும் பக்கம் வைத்தால் காற்றைக் குடித்து வைத்துக்கொள்ளும். பிறகு ஒரு தட்டு தட்டினால் குடித்ததையெல்லாம் திருப்பித் தந்துவிடும். மாவு மில் முதல் தெருவிளக்கு வரை அதில்தான் ஓடியது. நிரம்ப நிரம்பக் கல் உள்ளுக்குள் முனகும். அந்த முனகலைக் காது வைத்துக் கேட்டு, கால், அரை, முக்கால், முழுசு என்று சாக்பீஸால் எழுதுவது அவர் வேலை. இருபத்தைந்து வருஷமாக வலது காதில்தான் கேட்டார். இடது காதை வீட்டுக்கென்று வைத்திருந்தார்.

வீடோ எட்டு மணி நேர பஸ் பயணத் தூரத்தில் இருந்தது. மனைவி அங்கே பள்ளிக்கூட ஆசிரியை. மாதம் ஒருமுறை போவார்; துவைத்துப் போட்ட சட்டை காய்வதற்குள் கிளம்பிவிட வேண்டும். ரிட்டயர் ஆவதற்குள் சில மாதமாவது வீட்டிலிருந்து வேலைக்குப் போய் வீட்டுக்கே திரும்ப வேண்டும் என்று ஆசைப்பட்டார். பெரிய ஆசையில்லைதான். ஆனால் சின்ன ஆசைக்குத்தான் ஆபீஸில் பெரிய பூட்டாகப் போடுவார்கள்.

பத்தொன்பது வருஷத்துக்கு முன்னால் மாற்றல் மனு எழுதிக் கொடுத்தார். அன்றைய மேலாளர் “பாக்கலாம்” என்று சொல்லி மேஜைமேல் போட்டு, பறந்துவிடக் கூடாதென்று அதன்மேல் கைக்கு அகப்பட்ட ஒரு கல்லைத் தூக்கி வைத்தார். அது பதிவேட்டில் ஏறாத காலிக் காற்றுக்கல். மறுவாரம் அந்த மேலாளர் ரிட்டயராகிப் போய்விட்டார். பதிவேட்டில் இல்லாத கல்லை யார் தொடுகிறாரோ, அது எப்படி வந்ததென்று அவர்தான் விளக்கம் எழுத வேண்டும் என்பது கிடங்கின் விதி. அடுத்தடுத்து வந்த ஆறு மேலாளர்களும் அந்தக் கல் கண்ணிலேயே படாத மாதிரி இருந்து பழகிக்கொண்டார்கள். பெருமூச்சுக்கும் தொடத் தைரியமில்லை. அவர் நாற்காலி அதற்கு நேர் எதிரே. கல்லுக்கடியில் மனுவின் ஓரம் மட்டும் தெரியும். அதைப் பார்ப்பார், ஒரு பெருமூச்சு விடுவார், வேலையைப் பார்க்கப் போவார்.

ரிட்டயராக எட்டு மாதம் இருக்கும்போது தலைமை அலுவலகத்திலிருந்து ஓர் ஆய்வாளர் வந்து கற்களை எண்ணினார். ஒன்று அதிகமாக இருந்தது.

“கொறைஞ்சா திருட்டுன்னு எழுதலாம். கூடினா என்னன்னு எழுதறது?” என்று அலுத்துக்கொண்டு, அந்தக் கல்லைக் காட்டினார். “காது வச்சுச் சொல்லுங்க.”

பெருமூச்சு காதை வைத்தார். முகம் வெளுத்துவிட்டது. “முழுசுக்கும் மேல இருக்கு சார்.”

“மாடிக்கே போகாத கல்லு எப்படி ரொம்பும்?”

கோப்பு எடுத்துக் கொடுக்கும் அம்மாள்தான், “அவருதான் சார் தெனமும் அது முன்னாடி உக்காந்து மூச்சு விடுவாரு” என்று போட்டு உடைத்தார்.

“அப்ப ஆபீஸ் கல்லுல சொந்தக் காத்தைச் சேத்து வச்சிருக்கீங்க.”

“வேணும்னு விடலை சார். தானா வந்தது.”

“விசாரணை வைக்கணும். முடியற வரைக்கும் இந்த ஊரை விட்டு நகரக் கூடாது.”

மாதம் ஒருமுறை போய்க்கொண்டிருந்ததும் போயிற்று. பெருமூச்சுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. கல் பக்கத்தில் இருந்ததால் மூச்சு விடவும் பயமாக இருந்தது.

“எவ்வளவு இருக்குன்னு மொதல்ல பாத்துடுவோம்” என்று ஆய்வாளர் ஸ்கேலை எடுத்து ஒரு தட்டு தட்டினார்.

பத்தொன்பது வருஷமும் ஒரேயடியாக வெளியே வந்தது. வெதுவெதுப்பான காற்று. பதிவேடுகள் ஜன்னல் வழியாகப் போயின. மேலாளர் நாற்காலியோடு வராந்தா வரை போய்ச் சேர்ந்தார். ஆய்வாளர் சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டார்; கண்ணாடி பறந்துவிட்டது. மனு கிளம்பி, அவர் மூக்குக்கு ஒரு சாண் தள்ளி, சுவர்விளக்கின் கழுத்தில் சிக்கி நின்றது. அவர் கிட்டப்பார்வைக்காரர், எழுத்து நன்றாகவே தெரிந்தது. பதினோரு நிமிஷம் காற்று ஓயவில்லை, அவருக்கும் வேறு வேலையில்லை. பதினான்கு தடவை படித்தார்.

காற்று நின்றதும், “இதுல அவசரம்னு எழுதியிருக்கே?” என்றார்.

“அப்ப அவசரம் சார்.”

“இப்ப?”

பெருமூச்சு கொஞ்சம் யோசித்தார். “இப்பவும்தான் சார்.”

ஆய்வாளர் மனுவில் கையெழுத்துப் போட்டார். “காலிக் கல்லுக்கு என்ன விசாரணை” என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைத் தேடப் போனார்.

மூன்றாம் நாள் பெருமூச்சு பெட்டியோடு வீட்டுக்குப் போனார். மனைவி மாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள்.

“எப்ப கெளம்பணும்?” என்று வழக்கம்போலக் கேட்டாள்.

“கெளம்ப வேண்டாம்.”

அவள் கையிலிருந்த கிளிப்பைக் கீழே வைத்தாள். அவளுக்கு எதிரே இத்தனை வருஷமும் கல் எதுவும் இருக்கவில்லை. நாற்பது பிள்ளைகள் முன்னால் நின்றுகொண்டு பெருமூச்சு விட முடியுமா? எல்லாவற்றையும் உள்ளேயே வைத்திருந்தாள். இப்போது விட்டாள்.

கொடியிலிருந்த துணியெல்லாம் கிளிப்போடு பறந்து, நான்கு வீடு தள்ளி ஒரு மாடியில் போய் விழுந்தது. அவர் செருப்பை மாட்டிக்கொண்டு எடுத்துவரப் போனார்.